நீலகிரியில் நடக்கும் காதல் கதை எழுதுவது எப்படி? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஊட்டி, குன்னூர், கோத்தகிரி, கூடலூர் பக்கத்தைக் களமாக வைத்துச் சிறுகதையோ குறுநாவலோ தொடரோ எழுதுகிறவர்கள் திரும்பத் திரும்பக் கேட்கிற கேள்விகள் இவை. சுற்றுலா வந்துபோகும் ஜோடியின் கதைக்கு இதில் பாதிதான் உதவும். மலையிலேயே வேலை பார்த்து, மலையிலேயே கூலி வாங்கி, மலையிலேயே பெயர் கெட்டுப்போகக் கூடியவர்களின் காதலைப் பற்றித்தான் இங்கே அதிகம்.

முதல் சந்திப்பை எப்படி எழுதினால் நன்றாக இருக்கும்?

எப்படி வேண்டுமானாலும் எழுதுங்கள். குடை மாறட்டும், பஸ்ஸில் பக்கத்து சீட் கிடைக்கட்டும், சில்லறை இல்லாமல் தகராறு வரட்டும். கதை உடைவது இரண்டாவது சந்திப்பில்தான். இந்த இரண்டு பேர் மறுபடி ஏன் பார்த்துக்கொள்ள வேண்டும் என்பதற்குக் காரணம் இல்லாவிட்டால் எழுதுகிறவர் தற்செயலைத் துணைக்குக் கூப்பிட வேண்டியிருக்கும். ஒரு தற்செயலை வாசகர் பொறுத்துக்கொள்வார். இரண்டாவதும் வந்தால் கதைசொல்லியின் கை தெரிந்துவிடும்.

அதனால் எழுத உட்காருமுன் முடிவு செய்ய வேண்டியது நிறமும் உயரமும் கன்னக்குழியும் இல்லை; இரண்டு பேரையும் ஒரே இடத்துக்கு இழுத்து வருகிற வேலை எது என்பதுதான். மலையில் இதற்குப் பஞ்சமே கிடையாது. தேயிலையை எடுத்துக்கொள்ளுங்கள். நல்ல பருவத்தில் ஒரு தோட்டத்தில் கொழுந்து எடுத்தால் மறுபடி அதே பாத்திக்கு வரப் பத்துப் பதினைந்து நாள் ஆகும். சிறு விவசாயியின் மகள் ஒருத்தி, பசுந்தேயிலையை எடை போட்டு ஃபேக்டரிக்கு ஏற்றிப்போகும் ஒருவன் என்று வைத்தால், சந்திப்புகளின் கால அட்டவணை தானாகவே வந்துவிடுகிறது. ஐந்து சந்திப்புக்கு ஏறக்குறைய இரண்டு மாதம். டிசம்பர், ஜனவரியில் பனி விழுந்து கொழுந்து குறையும்போது வண்டி வருவதும் குறையும். பிரிவுக்காகத் தனியாக ஒரு வில்லனைத் தேட வேண்டியதில்லை.

கேரட் தோட்டம் என்றால் தாளம் வேறு. விதைத்து மூன்று, மூன்றரை மாதம் பெரிதாக ஒன்றும் நடக்காது. அறுவடை அன்று விடியுமுன்பே ஆட்கள் இறங்கி, பிடுங்கிக் கழுவி, மேட்டுப்பாளையம் மண்டிக்கு லாரி ஏற்றியாக வேண்டும். நெற்றியில் கட்டிய டார்ச் வெளிச்சத்தில் ஒருவரை ஒருவர் முகம் பார்ப்பது எவ்வளவு கடினம் என்று யோசியுங்கள். குரலை வைத்துத் தொடங்குகிற காதலுக்கு அதைவிட நல்ல இடம் அமையாது.

காதலைச் சொல்லாமல் காட்டு என்கிறார்கள். எப்படிக் காட்டுவது?

முதல் வரைவில் எல்லோருக்கும் வருவது இப்படி இருக்கும்:

“ராஜன் செல்வியைப் பார்த்தான். அவள் கண்களில் ஆயிரம் கவிதைகள் தெரிந்தன. அவன் இதயம் படபடத்தது. மழை இருவரையும் நனைத்தது.”

இதில் ராஜனும் இல்லை, செல்வியும் இல்லை. பெயரை மாற்றி மதுரைக்கு அனுப்பினாலும் ஒரு குறையும் தெரியாது. அதே நிமிடத்தை வேலைக்குள் வைத்து எழுதிப் பார்க்கலாம். மழை நாளில் இலையின் ஈரத்துக்கென்று எடையில் கொஞ்சம் கழிப்பது வழக்கம். இந்தக் கதையில் அது சாக்குக்கு இரண்டு கிலோ.

“சாக்கைக் கொக்கியில் மாட்டினாள். முள் இருபத்தாறில் நின்றது.

‘இருபத்தஞ்சு’ என்று எழுதினான் ராஜன்.

‘எல்லாத்துக்கும் ரெண்டு கிலோ கழிச்சீங்க. எனக்கு மட்டும் என்ன ஒண்ணு?’

‘இலை அவ்வளவா நனையல.’

செல்வி சாக்கின் அடியைப் பிடித்து முறுக்கினாள். தண்ணீர் அவன் செருப்பில் சொட்டியது.

‘இருபத்திநாலுன்னு எழுதுங்க. பின்னாடி நிக்கிறவங்களுக்கும் கண்ணு இருக்கு.’

அவன் அடித்துவிட்டு எழுதினான்.”

அவன் பக்கத்துக் காதலின் எடை இங்கே ஒரு கிலோ இலை. அவள் அதை மறுக்கிறாள். ஆனால் மற்றவர்களுக்கு எவ்வளவு கழித்தான் என்று கவனித்து வைத்திருக்கிறாள். மானமும் ஊர்ப் பயமும் ஒரே வாக்கியத்தில் வந்துவிட்டன. முக்கியமான லாபம் இன்னொன்று: அந்த நோட்டில் ஒரு அடித்தல் விழுந்திருக்கிறது. இருபது பக்கம் தள்ளி அவளுடைய மாமா கணக்குப் பார்க்க நோட்டைப் புரட்டும்போது அந்த அடித்தல் தானே பேசும்.

இந்த முறைக்கு மூன்று உறுப்புகள்தான். பாத்திரங்களின் கையில் அன்றாடம் புழங்கும் பொருள் ஒன்று, அதில் எல்லோருக்கும் தெரிந்த வழக்கம் ஒன்று, இன்று அந்த வழக்கத்தில் விழும் சின்னப் பிசகு ஒன்று. வழக்கத்தை வாசகருக்கு முன்கூட்டியே காட்டியிருக்க வேண்டும். இரண்டு கிலோ கழிப்பது முந்தைய பக்கத்தில் வராமல், இதே காட்சியில் விளக்கப்பட்டால் பாதிச் சுவை போய்விடும்.

பனிமூட்டம் எவ்வளவு எழுதலாம்?

நீங்கள் எழுத நினைத்ததில் கால்பங்கு. மலையில் இருப்பவர்களுக்கு மூட்டம் அழகைவிட அதிகமாகத் தொல்லை. துணி காயாது, தீப்பெட்டி நமுக்கும், எதிரே வரும் வண்டியின் மஞ்சள் விளக்கு கடைசி நிமிடத்தில்தான் தெரியும். காதலர்களுக்கு மட்டும் அதில் ஒரு வசதி: பத்தடியில் நிற்பவர் யாரென்று தெரியாது. அதே காரணத்தால் ஆபத்தும் உண்டு. அத்தையிடமே போய் நின்று பேச்சைத் தொடங்கிவிடலாம்.

அதிகம் நடக்கிற பிழைகள் பருவத்தில்தான். “ஊட்டியில் எப்போதும் மழை” என்று பொத்தாம்பொதுவாக எழுதுகிறார்கள். மேற்குப் பக்கமான குந்தா, அவலாஞ்சி, கூடலூருக்கு ஜூன் முதல் தென்மேற்குப் பருவமழை கொட்டும். கிழக்குச் சரிவில் இருக்கிற குன்னூருக்கும் கோத்தகிரிக்கும் பெருமழை வருவது வடகிழக்குப் பருவத்தில், ஐப்பசி கார்த்திகையில். மண்சரிவால் பாதை அடைபட்டுக் காதலர் பிரிய வேண்டுமென்றால் எந்த ஊர், எந்த மாதம் என்று பார்த்து அடையுங்கள்.

உறைபனி இன்னொன்று. அது விழ வானம் தெளிந்திருக்க வேண்டும், காற்று அசையக் கூடாது. தலைக்குந்தா, காந்தல் போன்ற பள்ளங்களில் குளிர்ந்த காற்று இறங்கித் தேங்கி, புல் விடியலில் வெள்ளையாகிவிடும். ஆகவே “அடர்ந்த மூட்டத்தில் உறைபனி கொட்டிய இரவு” என்று எழுதினால் உள்ளூர் வாசகர் சிரிப்பார். உறைபனி இரவு நட்சத்திரம் நிறைந்த இரவு. உங்கள் காட்சிக்கு அதுதான் கூடுதல் லாபம்; மறைந்து நிற்க வழியில்லை.

குறிஞ்சித் திணை இலக்கணம் இன்றைய கதைக்கு உதவுமா?

உதவும், அதை அலங்காரமாகத் தூவாமல் எலும்பாக வைத்துக்கொண்டால். தொல்காப்பியம் நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என்கிறது. அந்த மண்ணின் விலங்கு, மரம், தொழில், உணவு கருப்பொருள். நடக்கிற உறவு உரிப்பொருள். குறிஞ்சிக்குக் கூடல். பெரும்பொழுது கூதிரும் முன்பனியும், சிறுபொழுது யாமம். அதாவது ஐப்பசி முதல் தை வரை, நள்ளிரவு. மேலே சொன்ன மழையையும் உறைபனியையும் இதோடு சேர்த்துப் பாருங்கள். ஒருவரை ஒருவர் தேடிப் போவதற்கு மிகக் கடினமான பருவத்தையும் நேரத்தையும் எடுத்துத்தான் அந்த மரபு கூடலுக்கு ஒதுக்கியிருக்கிறது.

அகப்பாடலில் தலைவி பயப்படுவது தலைவன் வரும் வழியை நினைத்து. வழுக்குப் பாறை, காட்டாறு, யானை, புலி. கோத்தகிரிப் பக்கம் இருட்டியபின் தேயிலைக்குள் நடக்கிறவனுக்கு இன்றும் கரடி உண்டு, காட்டெருமை உண்டு. வாட்ஸ்அப்பில் “வந்துட்டியா?” என்று அவள் மூன்று முறை கேட்பதற்குப் பின்னால் இருப்பது அதே பயம்தான். வில்லும் வேலும் வேண்டாம், டார்ச்சில் பேட்டரி தீர்ந்தால் போதும்.

இன்னும் பயன்படுவது அம்பல், அலர் என்ற பாகுபாடு. அம்பல் என்றால் ஊர்ப்பேச்சு அரும்பு கட்டுவது. வாய்க்குள் முணுமுணுப்பு, குழாயடியில் ஒரு பார்வை, அவ்வளவே. அலர் என்றால் பூத்துவிட்டது. எல்லோரும் வெளிப்படையாகப் பேசுகிறார்கள். பல வரைவுகளில் நேற்றுவரை யாருக்கும் தெரியாது, இன்று அப்பா பெல்ட்டை உருவுகிறார். நடுவில் அம்பல் காட்சிகள் இரண்டு மூன்றாவது வேண்டும். எடைக்கு நிற்கும் வரிசையில் செல்விக்கு மட்டும் வழிவிடுகிறார்கள். டீக்கடையில் ராஜன் கேட்காமலே ஒருவர் “அந்தப் பக்கம் இன்னைக்கு இலை இல்லையாமே” என்கிறார். தோட்டத் தொழிலாளர்கள் வரிசையாகக் குடியிருக்கும் லைன் வீடுகளில் சுவர் ஒன்றுதான். பக்கத்து வீட்டில் பாத்திரம் உருட்டும் சத்தம் நின்றால் யாரோ காது கொடுக்கிறார்கள் என்று பொருள்.

தோழியை மறக்காதீர்கள். இன்றைய கதைகளில் அவளுக்குக் கேலி பேசுவதைத் தவிர வேலை இல்லை. அகமரபில் இடம் குறிப்பவள், அவனைக் கடிந்துகொள்பவள், “எப்போது கல்யாணம்?” என்று நெருக்குபவள், கடைசியில் உண்மையை வீட்டில் உடைப்பவள் அவள்தான். கதையின் பாதி எந்திரம் அவள் கையில்.

நீலக்குறிஞ்சி பூக்கும்போது சேர்வதாக வைக்கலாமா?

வைத்துத் தேய்ந்துவிட்டது. வைத்தே தீருவேன் என்றால் கணக்கைச் சரியாகப் போடுங்கள். பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை. 2006, 2018 பூத்த ஆண்டுகள், அடுத்தது 2030. குறிஞ்சியில் வேறு இனங்களும் உண்டு, அவற்றின் சுழற்சி வேறு. பூவைவிட அந்த இடைவெளிதான் கதைக்கு உதவும். 2018இல் பதினெட்டு வயதானவளுக்கு 2030இல் முப்பது.

“நீங்க” எப்போது “நீ” ஆக வேண்டும்?

ஒரு காதல் கதையில் தமிழ் நமக்குத் தருகிற மிகப் பெரிய திருப்பம் இது. அதை நாலாம் பக்கத்தில் கவனமில்லாமல் செலவு செய்துவிடுகிறார்கள். குறுநாவலில் நடுப்பகுதிக்கு முன்னால் வேண்டாம். யார் முதலில் மாறுவது என்பதையும் தீர்மானியுங்கள். அவன் முதலில் “வா” என்றால் அதில் உரிமை எடுத்துக்கொள்ளும் தோரணை இருக்கும். அவள் அதை ஏற்காமல் “வாங்க” என்றே தொடர்வது ஒரு பதில். அவள் முதலில் மாறினால் அவன் தடுமாற வேண்டும்.

பழகிய பிறகு ஒரு சண்டையில் அவள் மீண்டும் “நீங்க” என்று தொடங்கினால், எந்த வசவைவிடவும் அது சுடும். இந்த ஆயுதத்தை ஒருமுறை மட்டும் எடுங்கள்.

இதைவிட நுட்பமானது “அண்ணா”. கண்டக்டர், கடைக்காரர், எடை போடுகிறவர் எல்லோரும் ஒரு பெண்ணுக்கு அண்ணாதான். முதல் பக்கங்களில் செல்வி “எத்தனைண்ணா?” என்று கேட்டிருந்தால், என்றோ ஒருநாள் அந்த “ண்ணா” நின்றுபோக வேண்டும். அதற்குப் பதில் எந்த விளியும் கிடைக்காமல் “இங்க பாருங்க”, “எழுதிட்டீங்களா” என்று வெறும் வினைச்சொல்லில் பேசித் திண்டாடும் சில வாரங்கள் இருக்கும். காதலின் தொடக்கம் அந்தத் திண்டாட்டம்தான். தோழி அதைக் கண்டுபிடிப்பதும் அதை வைத்துத்தான்.

மலையில் எல்லோரும் என்ன தமிழ் பேசுகிறார்கள்?

ஒரே தமிழ் இல்லை. கோவையிலிருந்து ஏறிய கொங்குப் பேச்சு உண்டு. 1964 சாஸ்திரி–சிறிமாவோ ஒப்பந்தத்துக்குப் பிறகு இலங்கையிலிருந்து வந்து தோட்டங்களில் குடியேறிய குடும்பங்கள் உண்டு. மூத்தவர் பேச்சுக்கும் பேரப்பிள்ளை பேச்சுக்கும் இடைவெளி இருக்கும். கூடலூரில் மலையாளம் கலக்கும். படுகர்களின் தாய்மொழி படுகு, அதைத் தமிழின் கொச்சை போல எழுதுவது பிழை. தெரியாவிட்டால் “படுகில் ஏதோ சொன்னாள்” என்று விட்டுவிடலாம், அவனுக்குப் புரியாதது வாசகருக்கும் புரியாமல் இருப்பதில் ஒரு நியாயம் இருக்கிறது. தோடர், கோத்தர், இருளர், குறும்பர், பணியர் ஆகியோரைப் பின்னணிக்கு ஆடவும் பாடவும் மட்டும் கூப்பிடாதீர்கள்.

விடாமல் பின்னால் சுற்றினால் அவள் மனம் மாறுவதாக எழுதலாமா?

வேண்டாம். அறம் ஒரு காரணம். தொழில் காரணமும் உண்டு. அவள் “வேண்டாம்” என்று சொன்னதை மதிக்காத கதையில் அவளுடைய “சரி”க்கும் மதிப்பு இருக்காது, வாசகர் நம்பமாட்டார். மறுப்பை எழுதினால் அவன் விலக வேண்டும், சில அத்தியாயம் நிஜமாகவே விலகியிருக்க வேண்டும். திரும்பி வர வேண்டுமானால் அடுத்த அடியை எடுத்து வைப்பது அவள். தொடுதலுக்கும் இதே கணக்கு: யார் கை நகர்ந்தது, மற்றவர் என்ன செய்தார் என்ற இரண்டும் பக்கத்தில் இருக்கட்டும்.

சாதி, மதம் தவிர வேறு தடை உண்டா?

உண்டு, ஆனால் சாதி, மதத்தை எழுதப் பயந்து “அந்தஸ்து” என்ற சொல்லுக்குப் பின்னால் ஒளியாதீர்கள். தடை சாதி என்றால் யார் வீட்டுத் திண்ணைவரை யார் வரலாம், யாருக்கு எந்த டம்ளர் என்ற அளவில் வையுங்கள். வெளித்தடை மட்டும் போதாது. கல்யாணத்துக்கு எல்லோரும் சம்மதித்துவிட்டால்கூட இந்த இருவரால் சேர முடியாதபடி ஒருவருக்குள்ளாவது ஏதோ இருக்க வேண்டும். ராஜன் கணக்கில் சலுகை காட்டியே பழகியவன். செல்வி யாரிடமும் கடன்படக் கூடாது என்று வளர்ந்தவள். இந்தச் சண்டை கல்யாணத்துக்குப் பிறகும் ஓயாது. அப்படிப்பட்ட உள்தடைதான் நாவலைத் தாங்கும்.

ஓடிப்போகும் காட்சியில் எதைக் கவனிக்க வேண்டும்?

வழியை. மலையிலிருந்து இறங்குகிற பாதைகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். குன்னூர் வழியாக மேட்டுப்பாளையம், கோத்தகிரி வழியாக மேட்டுப்பாளையம், மஞ்சூர் கெத்தை வழியாகக் காரமடைப் பக்கம், கல்லட்டி வழியாக முப்பத்தாறு கொண்டை ஊசி வளைவில் மசினகுடி, கூடலூர் வழியாகக் கேரளமோ கர்நாடகமோ. துரத்துகிற அண்ணனுக்கு இது வசதி. மேட்டுப்பாளையத்துக்கு ஒரு போன் போட்டால் இரண்டு பாதை அடைபட்டுவிடும். கர்நாடகம் போகலாமென்றால் பந்திப்பூர்ப் பாதையில் இரவு ஒன்பது முதல் காலை ஆறு வரை பொதுவாக வண்டிகள் போக முடியாது. எட்டே முக்காலுக்குச் சோதனைச்சாவடியை எட்ட வேண்டும் என்ற ஒரு வரி, இருபது வரி ஓட்டத்துக்குச் சமம்.

மலை ரயிலில் மட்டும் ஓடிப்போக விடாதீர்கள். 46 கிலோமீட்டர் இறங்க மூன்றரை மணி நேரம் ஆகும். பைக்கில் வருகிற அண்ணன் மேட்டுப்பாளையத்தில் டீ குடித்து, பேப்பர் படித்து, பிளாட்பாரத்தில் காத்திருப்பான். (நகைச்சுவைக் கதையென்றால் தாராளமாக.)

பதிவுத் திருமணம் செய்துகொண்டார்கள் என்று ஒரு வரியில் முடிக்கலாமா?

முடிக்கலாம், ஆனால் நல்ல கதையை வீணடிக்கிறீர்கள். பெண்ணுக்கு 18, ஆணுக்கு 21 வயது நிறைந்திருக்க வேண்டும். இருவரும் இந்துக்கள் என்றால் தமிழ்நாட்டில் 1967 சட்டத்திருத்தப்படி புரோகிதர் இல்லாமல், உறவினர் நண்பர் முன்னிலையில் மாலையோ மோதிரமோ மாற்றி, அல்லது தாலி கட்டிச் செய்யும் சுயமரியாதைத் திருமணம் செல்லும். மதம் வேறு என்றால் 1954 சிறப்புத் திருமணச் சட்டம். அதில் இருவரில் ஒருவர் அந்த மாவட்டத்தில் குறைந்தது 30 நாள் குடியிருந்திருக்க வேண்டும். அறிவிப்பு கொடுத்து, அது அலுவலகத்தில் ஒட்டப்பட்டு, ஆட்சேபம் வருகிறதா என்று 30 நாள் காத்திருந்து, பிறகு மூன்று சாட்சிகளோடு கையெழுத்து.

“அன்று மாலையே ரிஜிஸ்டர் ஆபீஸில் கல்யாணம்” என்று கிறிஸ்தவப் பையனுக்கும் இந்துப் பெண்ணுக்கும் எழுதினால் தவறு. சரியாக எழுதினால் கையில் முப்பது நாள் இருக்கிறது: பலகையில் இரண்டு பெயர், பத்திரம் பதிய அந்த அலுவலகத்துக்கு வந்துபோகும் ஊர்க்காரர்கள், யார் கண்ணில் எப்போது படும் என்ற தவிப்பு. பெற்றோர் ஆட்கொணர்வு மனு போட்டால் நீலகிரிக்காரர்கள் போக வேண்டியது சென்னை உயர் நீதிமன்றத்துக்கு. மதுரைக் கிளைக்கு அனுப்பிவிடாதீர்கள்.

எவ்வளவு நீளம்? எதை எங்கே வைப்பது?

சிறுகதைக்கு 2,000 முதல் 3,000 சொல், ஒரே ஒரு திருப்பம். எடைக் காட்சியும் நோட்டை மாமா புரட்டும் காட்சியும் சேர்ந்தால் ஒரு சிறுகதை முடிந்தது. குழந்தைப்பருவம், கல்யாணம், பிள்ளைப்பேறு எதுவும் வேண்டாம்.

60,000 சொல் நாவலென்றால் முதல் 5,000 சொல்லுக்குள் இருவரும் சந்தித்துவிட வேண்டும். பாதியில் ஒருவர் மற்றவருக்காக எதையாவது இழக்க வேண்டும். வெறும் முத்தம் போதாது. முக்கால் பங்கில் பெரிய பிரிவு. “அவன் சொன்னதை அவள் தவறாகப் புரிந்துகொண்டாள்” என்று பிரித்தால் வாசகர் “ஒரு போன் பண்ணித் தொலையேன்” என்பார். சிக்னல் இல்லாத வளைவுகள் மலையில் நிறைய உண்டுதான், ஆனால் அது ஒரு மாலையைத் தாங்கும், மூன்று மாதத்தைத் தாங்காது. இருவரும் ஒருவரை ஒருவர் சரியாகப் புரிந்துகொண்டதால் பிரிவதே உறுதியான பிரிவு.

எழுதி முடித்தபின் எதை முதலில் வெட்டுவது?

கணினியில் “இதயம்”, “படபட”, “விழிகள்”, “ஏதோ ஒரு” என்று தேடிப் பாருங்கள். நூறு பக்கத்தில் ஐந்துக்கு மேல் இருந்தால் அந்த இடங்களில் பாத்திரத்தின் கைக்கு வேலை கொடுக்க மறந்திருக்கிறீர்கள். பிறகு செல்வி இல்லாத காட்சிகளை மட்டும் எடுத்துப் படியுங்கள். ராஜனுக்குக் காதலைத் தவிரக் கவலையே இல்லையென்றால் அவன் இன்னும் ஆளாகவில்லை. அவளுக்கும் அப்படியே.

தலைப்பில் “பனி”, “மேகம்” வரலாமா?

வரலாம், யாரும் தடுக்கமாட்டார்கள். ஆனால் “இருபத்திநாலு கிலோ” என்றோ “முப்பதாவது நாள்” என்றோ கதைக்குள் கிடக்கிற ஒன்றைத் தூக்கித் தலைப்பாக்கினால், அது வரும் பக்கம்வரை வாசகர் புரட்டிக்கொண்டிருப்பார்.